முடிவு கையில் வந்த பிறகு

திண்டுக்கல்லிலிருந்து கரூர் போகும் சாலையை ஒட்டி இருக்கிறது வேடசந்தூர். காஷ்மீரையும் கன்னியாகுமரியையும் இணைக்கும் தேசிய நெடுஞ்சாலை 44இன் ஒரு துண்டு அது. பழைய ஆட்களுக்கு இன்னமும் அது ஏழாம் நம்பர் ரோடுதான். இரவு பகல் பாராமல் லாரிகள் ஓடுகின்றன. சாலையிலிருந்து உள்ளே திரும்பினால் நூற்பாலைகள்; ஷிப்ட் முடிந்து பஞ்சுத் தூசி படிந்த தலையோடு மில் வண்டியில் ஏறும் பெண்கள். மத்தியப் புகையிலை ஆராய்ச்சி நிறுவனத்தின் கிளையாக 1948இல் தொடங்கிய ஆராய்ச்சி நிலையமும் இந்த ஊரில்தான் உண்டு. திண்டுக்கல் சுருட்டுக்கு இருந்த பேரும், சுற்றுவட்டாரத்து வாய்ப்புகையிலைச் சாகுபடியும் அதைக் கொண்டுவந்தன.

நெடுஞ்சாலை, பஞ்சாலை, புகையிலை. பொதுச் சுகாதாரத்தில் வேலை செய்யும் ஒருவரிடம் இந்த மூன்றையும் சொன்னால் அவர் மனத்தில் உடனே மூன்று நோய்ப் பட்டியல் ஓடும்: எச்.ஐ.வி.யும் பால்வினை நோய்களும், நுரையீரல் நோய்கள், வாய்ப் புற்றுநோய். இவற்றோடு எந்த ஊருக்கும் உள்ள பிரஷர், சர்க்கரை, கர்ப்பப்பை வாய்ப் புற்றுநோய். எல்லாவற்றுக்கும் பொதுவான குணம் ஒன்று உண்டு. ஆரம்பத்தில் இவை வலிக்காது. வலிக்கும்போது பெரும்பாலும் காலம் கடந்திருக்கும். ஆகவேதான் நோய் தெரிவதற்கு முன்பே, நன்றாக இருக்கும் ஆளைக் கூப்பிட்டுப் பார்க்கும் பரிசோதனை தேவைப்படுகிறது. மருத்துவத் துறையினர் இதை ஸ்கிரீனிங் என்கிறார்கள்.

யாரை, எந்த வயதில், எதற்காக, எத்தனை ஆண்டுக்கு ஒருமுறை பார்ப்பது என்பதற்கு நெறிமுறைகள் ஏராளம். அவற்றில் பெரும்பாலானவற்றுக்கு அடித்தளம் 1968இல் உலக சுகாதார நிறுவனத்துக்காக பிரிட்டனின் வில்சனும் சுவீடனின் யுங்னரும் எழுதிய அறிக்கை. அவர்கள் வைத்த நிபந்தனைகளில் பரிசோதனையின் துல்லியம் பற்றியவை சிலதான். நோய்க்கு ஏற்கப்பட்ட சிகிச்சை இருக்க வேண்டும், கண்டுபிடித்தவருக்கு அந்தச் சிகிச்சை கிடைக்கும் இடம் இருக்க வேண்டும், யாருக்குச் சிகிச்சை தருவது என்பதில் தெளிவு வேண்டும், ஒருமுறை செய்து கைவிடாமல் தொடர்ந்து நடக்க வேண்டும் என்று, கண்டுபிடித்ததற்குப் பிறகு நடக்க வேண்டியவற்றையே அவர்கள் வற்புறுத்தினார்கள். அரை நூற்றாண்டுக்கு மேல் ஆகியும் நாம் கோட்டை விடுவது அங்கேதான். முகாம் நடத்துகிறோம், ரத்தம் எடுக்கிறோம், எண்ணிக்கையை எழுதிக்கொள்கிறோம். முடிவு உரிய ஆளின் காதுக்குப் போனதா, அங்கிருந்து மருந்துக்குப் போனதா என்று பின்தொடர்வது குறைவு. இதை எங்கோ உட்கார்ந்து சொல்லவில்லை. உலகமே திரும்பிப் பார்த்த ஒரு சான்று இந்தத் திண்டுக்கல் மாவட்டத்திலேயே உருவானது.

ஒட்டன்சத்திரம் பக்கத்தில் அம்பிளிக்கை என்ற ஊர். அங்கே உள்ள கிறிஸ்டியன் ஃபெல்லோஷிப் சமூக சுகாதார மையத்தை மையமாக வைத்து, பிரான்சின் லியோன் நகரிலுள்ள பன்னாட்டுப் புற்றுநோய் ஆராய்ச்சி முகமை 2000இல் ஒரு பெரிய ஆய்வைத் தொடங்கியது. தலைமை தாங்கியவர் மருத்துவர் ஆர். சங்கரநாராயணன். கேள்வி எளிமையானது: நகரத்து ஆய்வகமும் செல்களைப் படிக்கத் தெரிந்த நிபுணரும் இல்லாத கிராமத்தில், பயிற்சி பெற்ற ஒரு செவிலியர் வெறும் கண்ணால் பார்த்தே கர்ப்பப்பை வாய்ப் புற்றுநோய்ச் சாவுகளைக் குறைக்க முடியுமா?

அந்தப் பரிசோதனை நடக்கும் விதம் இது. நீர்த்த அசிட்டிக் அமிலத்தை, அதாவது வினிகரில் இருக்கும் அதே பொருளை, பஞ்சில் நனைத்துக் கர்ப்பப்பை வாயில் தடவுவார்கள். ஒரு நிமிடம் காத்திருந்து நல்ல வெளிச்சத்தில் பார்ப்பார்கள். மாறத் தொடங்கிய செல்கள் இருக்கும் இடம் வெள்ளையாகத் தெரியும். எச்.பி.வி. என்ற வைரஸ் தொற்றிய நாளிலிருந்து புற்றுநோயாக முற்ற பொதுவாகப் பத்துப் பதினைந்து ஆண்டுகளாவது பிடிக்கும். அந்த நீண்ட இடைவெளியில் எப்போது பார்த்தாலும் அந்த இடத்தை மட்டும் உறையவைத்து அழித்துவிடலாம். கர்ப்பப்பையை எடுக்க வேண்டியதில்லை. பெரும்பாலும் படுக்கையில் சேர வேண்டியதும் இல்லை.

மாவட்டத்தின் ஊர்களை 114 தொகுதிகளாகப் பிரித்து, குலுக்கல் முறையில் 57 தொகுதிகளில் பரிசோதனை, 57 தொகுதிகளில் வழக்கமான மருத்துவ வசதி மட்டும் என்று வைத்தார்கள். 30 முதல் 59 வயது வரையிலான, நோய் ஏதும் தெரியாத பெண்கள். அழைக்கப்பட்டவர்கள் 49,311 பேர். 2000 முதல் 2003 வரை பரிசோதனைக்கு வந்தவர்கள் 31,343 பேர். அவர்களில் 3,088 பேருக்குச் சந்தேகத்துக்குரிய மாற்றம் தெரிந்தது. இங்கேதான் அந்த ஆய்வின் உயிர்நாடி இருக்கிறது. சந்தேகம் என்று தெரிந்த பெண்ணை "அடுத்த மாதம் மதுரைக்குப் போங்க" என்று சீட்டு எழுதி அனுப்பவில்லை. அதே வருகையில், அதே இடத்தில், உருப்பெருக்கிக் கருவி வழியாகப் பார்த்து, தேவைப்பட்டால் சதைத்துணுக்கு எடுத்து, பொருத்தமானவர்களுக்கு உறையவைக்கும் சிகிச்சையையும் செவிலியர்களே செய்தார்கள். பெரிய மாற்றங்களும் புற்றுநோயும் இருந்தவர்களை மட்டும் மேல் சிகிச்சைக்கு அனுப்பினார்கள்.

2007இல் லான்செட் இதழில் முடிவு வந்தது. பரிசோதனைக்கு அழைக்கப்பட்ட ஊர்களில் கர்ப்பப்பை வாய்ப் புற்றுநோய் 25 சதவீதம் குறைந்திருந்தது. அதனால் ஏற்படும் சாவு 35 சதவீதம் குறைந்திருந்தது. 30 முதல் 39 வயதுப் பெண்களை மட்டும் எடுத்துக்கொண்டால் சாவு மூன்றில் இரண்டு பங்கு குறைந்தது. அழைத்தும் வராத பதினெட்டாயிரம் பேரையும் கணக்கில் சேர்த்த பிறகு கிடைத்த குறைவு இது. பட்டணத்து ஆஸ்பத்திரியில் இல்லை, பேருந்து நாளைக்கு இரண்டு முறை வரும் கிராமங்களில், செவிலியர்களின் கண்ணையும் கையையும் நம்பி எடுத்த முடிவு.

இதைப் பெருமையாகச் சொல்லும்போது இரண்டு சங்கதிகளைச் சொல்லாமல் விடுவது நேர்மை ஆகாது. பரிசோதனை நடக்காத ஊர்களில் 30,958 பெண்கள் ஒப்பீட்டுக்காகக் கண்காணிக்கப்பட்டார்கள். அவர்களில் 92 பேர் அந்தப் புற்றுநோயால் இறந்தார்கள். பரிசோதனை பயன் தரும் என்று ஓரளவு தெரிந்திருந்தும் அதைத் தராத ஒரு குழுவை வைத்து ஆராய்வது அறமா என்ற கேள்வி, மும்பை, உஸ்மானாபாத், திண்டுக்கல் ஆகிய இடங்களில் நடந்த இதுபோன்ற மூன்று இந்திய ஆய்வுகளையும் சேர்த்துப் பின்னாளில் எழுந்தது. மருத்துவ அறவியல் இதழ்களில் கடுமையான விவாதம் நடந்தது. ஆய்வாளர்கள் தரப்பில், அன்றைக்கு நாட்டில் எங்குமே பரிசோதனைத் திட்டம் இல்லை, இருந்த நிலையோடுதான் ஒப்பிட்டோம் என்றார்கள். எனக்கு அந்தப் பதில் பாதிதான் நிறைவு தருகிறது. விவாதத்தில் யார் பக்கம் நின்றாலும், அந்தப் பெண்களிடம் பெற்ற அறிவை அந்த மாவட்டத்துப் பெண்களுக்கே திருப்பித் தர வேண்டிய கடன் அரசுக்கு உண்டு என்பதில் எனக்குச் சந்தேகமில்லை.

இரண்டாவது, கசிவு. மூன்றில் ஒரு பங்குக்கு மேல் வரவேயில்லை. புற்றுநோய்க்கு முந்தைய மாற்றம் உறுதியானவர்கள் 1,874 பேர். சிகிச்சை பெற்றவர்கள் அவர்களில் 72 சதவீதம். வீட்டுக்கு அருகிலேயே, காசில்லாமல், தேடி வந்து செய்த திட்டத்திலேயே நூற்றுக்கு 28 பேர் கைநழுவிப் போனார்கள் என்றால், ஒரு நாள் முகாம் நடத்திவிட்டுப் போகிறவர்கள் எத்தனை பேரை நழுவவிடுவார்கள்? "எனக்குத்தான் ஒண்ணுமில்லையே, நான் எதுக்கு வரணும்?" என்று கேட்கும் பெண்ணுக்கு, ஒன்றும் இல்லாதபோதுதான் வர வேண்டும் என்று புரியவைப்பது ஒரு சுவரொட்டியால் ஆகிற காரியம் இல்லை.

கண்ணால் பார்க்கும் முறையை விடச் சிறந்த முறை இப்போது உண்டு. மகாராஷ்டிரத்தின் உஸ்மானாபாதில் 1,31,746 பெண்களிடம் நடந்த ஆய்வு 2009இல் வெளியானது. ஒரே ஒரு எச்.பி.வி. பரிசோதனை முற்றிய புற்றுநோயையும் சாவையும் ஏறத்தாழப் பாதியாக்கியது. அங்கே வினிகர் முறை குறிப்பிடத்தக்க பலன் தரவில்லை என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். பார்ப்பவரின் பயிற்சியையும் அடுத்து நடக்கும் சிகிச்சையையும் அவ்வளவு சார்ந்தது அது. 2020இல் உலக சுகாதார நிறுவனம் வைத்த இலக்கு: 2030க்குள் 70 சதவீதப் பெண்களுக்கு 35 வயதுக்குள் ஒருமுறை, 45க்குள் மறுமுறை இத்தகைய தரமான பரிசோதனை, நோய் கண்டவர்களில் 90 சதவீதம் பேருக்குச் சிகிச்சை. இந்திய அரசின் 2016 நெறிமுறை 30 முதல் 65 வயது வரை ஐந்தாண்டுக்கு ஒருமுறை கர்ப்பப்பை வாய், மார்பகம், வாய் மூன்றையும் பார்க்கச் சொல்கிறது. 2019-21 தேசியக் குடும்பநல ஆய்வின்படி தமிழகத்தில் எப்போதாவது கர்ப்பப்பை வாய்ப் பரிசோதனை செய்துகொண்ட 30 முதல் 49 வயதுப் பெண்கள் 9.8 சதவீதம். நாட்டின் சராசரியோடு ஒப்பிட்டால் இது பல மடங்கு அதிகம். ஆனாலும் பத்தில் ஒன்பது பேர் பார்த்ததில்லை.

எச்.ஐ.வி.யின் கதை வேறு. அங்கே பரிசோதனையோடு பயமும் அவமானமும் ஆரம்பம் முதலே ஒட்டிக்கொண்டன. இந்தியாவில் அந்தத் தொற்று முதலில் கண்டறியப்பட்டது 1986இல், சென்னையில். சென்னை மருத்துவக் கல்லூரியில் நுண்ணுயிரியல் படித்துக்கொண்டிருந்த செல்லப்பன் நிர்மலா, பேராசிரியர் சுனிதி சாலமன் வழிகாட்டுதலில், காவலில் வைக்கப்பட்டிருந்த பாலியல் தொழிலாளப் பெண்களிடம் ரத்தம் எடுத்தார். வேலூர் சி.எம்.சி.யில் சோதித்தபோது ஆறு பேருக்குத் தொற்று இருந்தது. மறுக்க முடியாத இடத்தில் இருந்த பெண்கள் அவர்கள். எதற்காக ரத்தம் எடுக்கிறார்கள் என்பதும் அவர்களுக்கு விளக்கப்படவில்லை. அந்தக் கண்டுபிடிப்பு நாட்டை உசுப்பியது, எண்ணற்ற உயிர்களைக் காப்பாற்ற வழி திறந்தது. அந்தப் பெண்களுக்கு அன்று கொடுக்க மருந்து ஏதும் இல்லை. பின்னர் சுனிதி சாலமனே 1993இல் ஒய்.ஆர்.ஜி. கேர் அமைப்பைத் தொடங்கி, சோதனையோடு ஆலோசனையும் பராமரிப்பும் சேர்ந்தே போக வேண்டும் என்பதை வாழ்நாள் வேலையாக்கிக்கொண்டார்.

இன்று நிலைமை அடியோடு மாறியிருக்கிறது. 2004 ஏப்ரல் 1 முதல் அரசு இலவசக் கூட்டு மருந்து தருகிறது. அன்று தொடங்கிய எட்டு மருத்துவமனைகளில் தாம்பரம் நெஞ்சக நோய் மருத்துவமனையும் ஒன்று. 2017 முதல், தொற்று உறுதியானாலே மருந்து; எதிர்ப்புச் சக்தி குறையும் வரை காத்திருக்க வேண்டியதில்லை. சென்னை மையத்தையும் உள்ளடக்கி ஒன்பது நாடுகளில் 1,763 தம்பதியரிடம் நடந்த ஆய்வு, தொற்றுள்ளவர் முன்கூட்டியே மருந்து எடுத்தால் துணைக்குப் பரவுவது 96 சதவீதம் குறைகிறது என்று 2011இல் காட்டியது. தாயிடமிருந்து குழந்தைக்குப் பரவும் வாய்ப்பு ஏதும் செய்யாவிட்டால் 15 முதல் 45 சதவீதம். சரியாக மருந்து எடுத்தால் 5 சதவீதத்துக்கும் கீழே. ஆகவே தெரிந்துகொள்வதில் லாபம் மட்டுமே இருக்கிறது, பிற மனிதர்கள் அதை நஷ்டமாக்காதவரை.

அப்படியானால் எல்லோருக்கும் ஏன் பார்ப்பதில்லை? அமெரிக்காவில் 13 முதல் 64 வயது வரை எல்லோரும் ஒருமுறையாவது பார்த்துக்கொள்ள வேண்டும் என்று 2006இலேயே பரிந்துரைத்தார்கள். இந்தியாவில் கர்ப்பிணிகள், காசநோயாளிகள், பால்வினை நோய்க்கு வருகிறவர்கள், தொற்றுள்ளவரின் துணையும் குழந்தைகளும், பாலியல் தொழிலாளர்கள், ஆணோடு உறவுகொள்ளும் ஆண்கள், திருநங்கைகள், ஊசிவழிப் போதை எடுப்பவர்கள், நெடுந்தூர லாரி ஓட்டுநர்கள், புலம்பெயர் தொழிலாளர்கள் என்று குறிவைத்தே பரிசோதனை நடக்கிறது. காரணம் கணக்கில் இருக்கிறது. நாட்டில் வயது வந்தவர்களில் தொற்றுள்ளவர்கள் சுமார் 0.2 சதவீதம், அதாவது பத்தாயிரம் பேரில் 20 பேர். தொற்றில்லாதவர்களில் ஆயிரத்துக்கு ஐந்து பேருக்குத் தவறாகப் பாசிட்டிவ் காட்டும் கருவியைக் கொண்டு அந்தப் பத்தாயிரம் பேரையும் பார்த்தால், உண்மையான 20 பேரோடு ஏறத்தாழ 50 பேர் வீணாக மாட்டுவார்கள். அதனால்தான் ஒரே சோதனையை வைத்து எவருக்கும் எச்.ஐ.வி. என்று சொல்லக் கூடாது. வெவ்வேறு வகையான மூன்று சோதனைகளும் ஒத்துப்போன பிறகே உறுதி செய்ய வேண்டும் என்பது தேசிய நெறிமுறை. முகாமில் ஒரு பட்டையில் இரண்டு கோடு விழுந்ததைப் பார்த்து ஓர் ஆளின் குடும்பத்தைக் கூப்பிட்டுச் சொல்வது கொடுமை. நெகட்டிவ் என்றாலும், ஆபத்தான தொடர்பு சமீபத்தில் நடந்திருந்தால் மூன்று மாதம் கழித்து மறுபடி பார்க்க வேண்டும்.

அரசு மருத்துவமனைகளில் இந்தச் சோதனை நடக்கும் அறைக்குத் தமிழகத்தில் நம்பிக்கை மையம் என்று பெயர். காசு கிடையாது. சோதனைக்கு முன்னும் பின்னும் ஆலோசகர் பேச வேண்டும். 2018 செப்டம்பரில் நடைமுறைக்கு வந்த எச்.ஐ.வி. தடுப்புச் சட்டம், சம்மதம் இல்லாமல் சோதிக்கக் கூடாது, முடிவை வெளியே சொல்லக் கூடாது, வேலைக்குச் சேர்க்க எச்.ஐ.வி. சோதனையை நிபந்தனையாக்கக் கூடாது என்கிறது. ஆட்களை வேலைக்கு எடுக்கும் ஒவ்வொரு நிறுவனமும் இந்த மூன்றாவது வரியைப் படித்திருக்க வேண்டும்.

நெறிமுறை சரியாகவே இருந்தும் ஓர் அநியாயம் நடக்கிறது. கர்ப்பம் பதிவானதும், பிக்மி எனப்படும் அரசின் கர்ப்பப் பதிவு எண்ணோடு பெண்ணுக்கு எச்.ஐ.வி.யும் சிபிலிஸும் பார்க்கப்பட்டுவிடும். அவள் கணவனைத் தானாக வரவழைக்கும் ஏற்பாடு அதே அளவுக்கு இல்லை. ஆகவே ஒரு வீட்டில் முதலில் "தெரிகிறவள்" பெரும்பாலும் மனைவி. முதலில் தெரிந்தவளே கொண்டுவந்தவள் என்று மாமியார் வீடு முடிவு கட்டிவிடுகிறது. லாரியில் மாதக்கணக்கில் வடக்கே போய்வரும் ஓட்டுநருக்குச் சோதனை நடக்கும் இடம் நெடுஞ்சாலை ஓரம். அவர் மனைவிக்கு ஆரம்ப சுகாதார நிலையம். இரண்டு முடிவுகளும் ஒரே குடும்பத்தின் முடிவுகளாக ஒரே மேசையில் சந்திக்க வேண்டும். கர்ப்பிணிக்கு முதல் சோதனை நடக்கும் நாளிலேயே கணவனையும் அழைத்துச் சோதிப்பதை வழக்கமாக்கினால் எத்தனையோ பெண்கள் மேல் விழும் பழி விழாது.

சோதித்தும் சொல்லாமல் விட்டால் என்ன நடக்கும் என்பதற்குத் தென்தமிழகம் ஒரு கொடிய விலை கொடுத்தது. 2018 டிசம்பரில், சாத்தூர் அரசு மருத்துவமனையில் ரத்தசோகைக்காக ரத்தம் ஏற்றப்பட்ட ஒரு கர்ப்பிணிக்கு எச்.ஐ.வி. தொற்றியது. ரத்தம் கொடுத்த இளைஞர் 2016லேயே ஒருமுறை கொடுத்திருந்தார். அப்போதே அவருக்குத் தொற்று இருப்பது சோதனையில் தெரிந்திருந்தது. அந்தச் செய்தி அவரைப் போய்ச் சேரவில்லை. வெளிநாட்டு வேலைக்கான மருத்துவச் சோதனையில் விஷயம் தெரிந்ததும், தான் கொடுத்த ரத்தத்தை யாருக்கும் ஏற்றிவிடாதீர்கள் என்று சொல்ல அவரே ஓடிவந்தார். அதற்குள் ஏற்றிவிட்டார்கள். குற்றவுணர்வில் விஷம் குடித்து, மதுரை மருத்துவமனையில் அந்த மாத இறுதியில் இறந்துபோனார். இருபது வயதுகூட நிரம்பாத பிள்ளை. ரத்த வங்கிகள் எச்.ஐ.வி., மஞ்சள் காமாலை பி, சி, சிபிலிஸ், மலேரியா என்று ஐந்தையும் சோதிக்க வேண்டும் என்பது சட்டம். 2016இல் சோதனை நடந்தது, சரியாகவே நடந்தது, சரியான பதிலையும் தந்தது. அந்தப் பதில் ஒரு பதிவேட்டிலேயே தங்கிவிட்டதால் ஓர் உயிர் போனது, இன்னொரு வாழ்க்கை குலைந்தது. அந்தத் தாய்க்கு 2019 ஜனவரியில் பிறந்த குழந்தைக்குத் தொற்று இல்லை என்பது ஒன்றே ஆறுதல். உடனே மருந்து தொடங்கியதன் பலன் அது.

பிரஷர், சர்க்கரைக்கு வந்தால் சோதனைக் கருவிக்கே பஞ்சமில்லை. கசிவு வேறு இடத்தில். 2020இல் தமிழகத்தில் எடுத்த, ஸ்டெப்ஸ் எனப்படும் தொற்றா நோய் ஆய்வில், உயர் ரத்த அழுத்தம் உள்ளவர்களில் அது கட்டுக்குள் இருந்தவர்கள் 7.3 சதவீதம் மட்டுமே, சர்க்கரையில் 10.8. 2021 ஆகஸ்டில் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவம், சுயஉதவிக் குழுப் பெண்களைத் தன்னார்வலர்களாக்கி மாத்திரையை வாசலுக்கே அனுப்பியது. அடுத்த சுற்று ஆய்வில் அந்த எண்கள் ஏறத்தாழ 17 சதவீதத்துக்கு உயர்ந்தன. திட்டத்தின் பலம் எங்கே இருக்கிறது என்று பாருங்கள்: கண்டுபிடிப்பதோடு நிற்காமல் மாத்திரையோடு திரும்பி வருவதில்.

வேடசந்தூருக்குத் திரும்புவோம். புகையிலை விளையும் மண்ணில் வாயைத் திறந்து பார்க்கும் பரிசோதனைக்கு முதலிடம் வேண்டும். திருவனந்தபுரத்தில் 1996இல் தொடங்கிய ஆய்வில், பயிற்சி பெற்ற பணியாளர் டார்ச் வெளிச்சத்தில் வாயைப் பார்த்ததாலேயே, புகையிலையோ மதுவோ பழகியவர்களிடையே வாய்ப் புற்றுநோய்ச் சாவு மூன்றில் ஒரு பங்கு குறைந்தது. வெள்ளைப் படலம், சிவப்புத் திட்டு, வாய் முழுதாகத் திறக்காமை. பல் மருத்துவர்தான் பார்க்க வேண்டும் என்பதில்லை.

பஞ்சாலைகள்தான் இங்கே மிகக் கடினமான இடம். நெறிமுறைகளில் பல 30 வயதில்தான் தொடங்குகின்றன. மில்லில் வேலை செய்யும் பெண்களில் பலர் இருபதைத் தொட்டவர்கள். திருமணச் செலவுக்கு மொத்தப் பணம் என்று சொல்லி விடுதியில் தங்கவைத்து வேலை வாங்கிய சுமங்கலித் திட்டத்தின் காலத்தில் அதைவிடச் சின்னப் பெண்கள். இப்போது ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் ஜார்க்கண்டிலிருந்தும் வருகிறார்கள். ரேஷன் கார்டு சொந்த ஊரில், வாக்கு சொந்த ஊரில்; வீடு வீடாகக் கணக்கெடுக்கும் தன்னார்வலரின் பட்டியலில் விடுதி வராது. இவர்களுக்குத் தேவையான பரிசோதனை வேறு. தமிழகப் பெண்களில் பாதிக்கு மேல், 53 சதவீதம் பேர், ரத்தசோகை உள்ளவர்கள். ஆகவே முதலில் ஹீமோகுளோபின். இரண்டு வாரத்துக்கு மேல் இருமல், எடை குறைவு, மாலையில் காய்ச்சல் என்றால் காசநோய்ச் சளிப் பரிசோதனை. காசநோய் உறுதியானால் எச்.ஐ.வி.யும். பிறகு மூச்சு.

பஞ்சுத் தூசியால் வரும் பிசினோசிஸ் நோய்க்கு விநோதமான ஓர் அடையாளம் உண்டு. வார விடுப்பு முடிந்து வேலைக்குத் திரும்பும் முதல் நாள் நெஞ்சு இறுக்கும். வாரம் போகப் போகத் தணியும். வருடங்கள் கழித்து எல்லா நாளும் முதல் நாள் போலவே ஆகிவிடும், அதற்குப் பிறகு நுரையீரல் பழைய நிலைக்கு வராது. ஷிப்ட் தொடங்கும்போதும் முடியும்போதும் ஒரு குழாயில் ஊதவைத்தால் வித்தியாசம் தெரியும். 1948ஆம் ஆண்டுத் தொழிற்சாலைகள் சட்டம் இதை அரசுக்குத் தெரிவிக்க வேண்டிய நோய்களின் அட்டவணையில் வைத்தது. சட்டத்தில் இருந்தும், இருமலோடு வரும் மில் பெண்ணிடம் "லீவு முடிஞ்சு போன அன்னைக்கு நெஞ்சு அடைக்குதா?" என்று எத்தனை இடத்தில் கேட்கிறார்கள்? ஒரு ரூபாய் செலவில்லாத கேள்வி அது.

2024இல் அரசு தொழிலாளர்களைத் தேடி மருத்துவம் என்று வேலையிடத்துக்கே பிரஷர், சர்க்கரைச் சோதனையைக் கொண்டுபோகத் தொடங்கியது. நல்ல தொடக்கம். ஆனால் மில் வளாகத்துக்குள் நடக்கும் எந்தச் சோதனையிலும் ஓர் எச்சரிக்கை வேண்டும்: முடிவு மேலாளரின் மேசைக்குப் போகக் கூடாது. காசநோய் என்று தெரிந்தால் வேலை போகும் என்று பயப்படும் பெண் சளி கொடுக்க வரமாட்டாள். கொடுக்காமல் இருமிக்கொண்டே விடுதி அறையில் நாலு பேரோடு படுப்பாள்.

இன்னொரு பக்கம், தேவையில்லாதவருக்குத் தேவையில்லாததைப் பார்க்கும் வியாபாரம். முழு உடல் பரிசோதனை என்று எழுபது எண்பது சோதனைகளைக் கட்டாக விற்கிறார்கள். அறிகுறி ஏதுமில்லாத பெண்ணுக்குச் சூலகப் புற்றுநோய்க் குறியீட்டு ரத்தச் சோதனை சாவைக் குறைப்பதில்லை என்பது பெரிய ஆய்வுகளில் தெளிந்த விஷயம். தென்கொரியாவில் நன்றாக இருந்தவர்களின் கழுத்தை ஸ்கேன் செய்யத் தொடங்கியதும் 1993க்கும் 2011க்கும் இடையில் தைராய்டு புற்றுநோய்க் கணக்கு 15 மடங்கு ஏறியது. சாவு மாறவே இல்லை. ஆயிரக்கணக்கானோர் தொந்தரவு செய்யாத கட்டிக்காகச் சுரப்பியை இழந்தார்கள். அந்தப் பணத்துக்கு வருடம் முழுக்கப் பிரஷர் மாத்திரை வாங்கலாம்.

எச்.ஐ.வி.யும் மற்ற நோய்களும் தனித்தனி அறைகளில் நடப்பதால் நழுவிப்போகும் ஒன்றையும் சொல்ல வேண்டும். எச்.ஐ.வி. உள்ள பெண்ணுக்குக் கர்ப்பப்பை வாய்ப் புற்றுநோய் வரும் ஆபத்து மற்றவர்களைவிட ஆறு மடங்கு. அதனால் அவர்களுக்கு 30 வரை காத்திருக்காமல் 25 வயதிலேயே தொடங்கி, மூன்று முதல் ஐந்து ஆண்டுக்கு ஒருமுறை பார்க்க வேண்டும் என்று உலக சுகாதார நிறுவனம் 2021இல் கூறியது. மாதாமாதம் கூட்டு மருந்து வாங்க வரும் பெண்ணை அடுத்த அறைக்கு அழைத்துப்போய்ப் பார்த்துவிட முடியும். இதற்குத் தனித் திட்டம் தேவையில்லை, தனிக் கட்டடமும் தேவையில்லை.

2023இல் தமிழக அரசு ஒழுங்கமைந்த புற்றுநோய்ப் பரிசோதனைத் திட்டத்தை ஈரோடு, ராணிப்பேட்டை, திருப்பத்தூர், கன்னியாகுமரி ஆகிய நான்கு மாவட்டங்களில் தொடங்கியது. பிறகுதான் மற்ற மாவட்டங்களுக்கும் விரிவாக்க முனைந்தது. உலகத்துக்குச் சான்று கொடுத்த திண்டுக்கல் அந்த முதல் நான்கில் இல்லை. இனியாவது இங்கே நடப்பது அம்பிளிக்கைச் செவிலியர்கள் செய்தது போல, பார்த்த அன்றே சிகிச்சை என்று இருக்க வேண்டும்.

வாசிக்கிறவர்களிடம் ஒரு வேண்டுகோள். உங்கள் ஊர் ஆரம்ப சுகாதார நிலையத்திலோ வேடசந்தூர் அரசு மருத்துவமனையிலோ எந்தப் பரிசோதனைக்குப் போனாலும் கையை நீட்டுவதற்கு முன் மூன்றைக் கேளுங்கள்: முடிவு என்றைக்கு வரும், அதை என்னிடம் யார் சொல்வார்கள், ஏதாவது இருந்தால் எங்கே போக வேண்டும். பதில் வராவிட்டால் வரும்வரை கேளுங்கள். அது உங்கள் உரிமை. வீட்டில் 30 தாண்டிய பெண்கள் இருந்தால் கர்ப்பப்பை வாய்ப் பரிசோதனைக்கு ஒரு நாள் ஒதுக்கிக் கொடுங்கள். மில் நடத்துகிறவர்கள் அந்த நாளுக்குச் சம்பளம் பிடிக்காதீர்கள். எச்.ஐ.வி. பற்றி எந்தச் சந்தேகத்துக்கும் 1097 என்ற எண்ணில் பேசலாம். கட்டணம் இல்லை, பேசியதை யாருக்கும் சொல்ல மாட்டார்கள்.